ஆறு எழுத்து

நீரோடியில் மூன்றாவது வரிசை எங்கள் வீடு.
இரண்டு ஆடிக்கு முன்னால் அது முதல் வரிசை ஆனது.
போன ஆடியில் வரிசையை விட்டே இறங்கிப் போனது.
கதவு எண் 14/212.
சமையலறை ஜன்னல் கம்பியோடு போயிற்று.
ஃபேனை மட்டும் கிளீட்டஸ் கழற்றிக்கொண்டு வந்தான்,
இறக்கை மூன்றில் இரண்டு.

வல்லவிளை ஐஸ் பிளான்டில் எனக்கு ராத்திரிக் கணக்கு.
இடப்பக்கம் கட்டைகளின் எண்ணிக்கை,
வலப்பக்கம் காலி.
அந்தக் காலிப் பக்கத்தில்தான்
அவர்களுக்கு ஒரு பேச்சு உண்டாக்கினேன்.
அவர்கள் என்றால்
இப்போது என் வீட்டில் இருப்பவர்கள்.
யாராவது இருந்துதானே ஆகவேண்டும்,
அவ்வளவு பெரிய ஹால்.

முதல் ராத்திரியே தெரிந்தது, வல்லினம் ஆகாது.
க என்றால் ஒரு குமிழி போகும்,
ப என்றால் மூன்று.
‘கட்டப்பட்டது’ என்று ஒருவன் சொல்லி முடிப்பதற்குள்
ஒரு நாளைக்கான காற்று தீர்ந்துவிடும்.
இடையினம் பாசியில் கால் வைத்ததுபோல் வழுக்கியது.
மிஞ்சியது மூக்கில் பிறப்பவை மட்டும்:
ங் ஞ் ண் ந் ம் ன்.
தண்ணீருக்குள் முனக முடிகிற ஆறு.
இத்தனை வருஷம் மெல்லினம் என்று
இதற்காகத்தான் பெயர் வைத்துக் காத்திருந்தோமோ.

ண்ங், வெளிச்சம் இருக்கும் பக்கம்.
மேலே, கீழே என்று அவர்கள் மெனக்கெடுவதில்லை.
ஞ்ஞ் என்றால் பக்கத்து வீட்டுக்காரி.
மத்திக்கூட்டம் வருவதற்கும் அதே சொல்,
இரண்டுக்கும் முன்னால் ஒரு பளபளப்பு வருமே.
நனைந்தது என்பதற்கு ஒன்றும் கிடையாது.
தாகத்துக்கு ஒன்று போட்டேன், அடித்தேன்,
திரும்பப் போட்டேன்.
உப்பின் நடுவில் இருப்பவனுக்கு
தாகம் இல்லாமலா இருக்கும்.
ம் என்றால், இன்னும் மூச்சு இருக்கிறது.
காலையில் எதிர்ப்பட்டாலும் அதுதான்,
சண்டை முடிந்து படுக்கும்போதும் அதுதான்.

மாசியில் சர்வேக்காரர்கள் வந்தார்கள்.
இந்தப் பக்கமிருந்து இரண்டு பேர்,
பொழியூர்ப் பக்கமிருந்து மூன்று பேர், ஒரு குடை.
எல்லைக்கல்லைக் காணோம்.
“இவிடெயாணு” என்றார் ஒருவர், ஓர் அலையைக் காட்டி.
“இல்ல சார், இங்ஙன” என்றார் இன்னொருவர்,
அடுத்த அலையைக் காட்டி.
சங்கிலியை இழுத்தார்கள்; கடல் மறுமுனையை இழுத்தது.
கையில் சாளைப் பையோடு நான் நின்றிருந்தேன்.
எல்லைக்கு என் நோட்டில் ஏற்கெனவே சொல் இருந்தது.
ந்ன், மீன் திரும்பும் இடம்.
கேட்டிருந்தால் சொல்லியிருப்பேன்.

போன செவ்வாய் தாள் வந்தது,
நாங்கள் வாடகைக்கு இருக்கும் விலாசத்தைத் தேடிப்பிடித்து.
14/212. வீட்டு வரி, அரையாண்டு.
நூற்றெழுபத்தாறு ரூபாய்.
கிளீட்டஸ் சிரித்தான்.
“கடலுக்கு அனுப்பச் சொல்லு,
அதாக்கும் இப்ப ஓனரு.”
சிரித்தவன் பிறகு சாயங்காலம் வரை
யாரிடமும் பேசவில்லை.

நான் கொல்லங்கோட்டுக்கு பஸ் ஏறிப் போய்க் கட்டினேன்.
கட்டாவிட்டால் எண்ணை எடுத்துவிடுவார்கள்.
எண் போய்விட்டால்
அவர்கள் எந்த வீட்டில் இருக்கிறார்கள் என்பதை
ஆறு எழுத்தை வைத்துக்கொண்டு
நான் எப்படிச் சொல்வேன்?

படிவத்தில் ஒரு கட்டம், குடியிருப்பவர் பெயர்.
கொஞ்ச நேரம் பேனாவைப் பிடித்திருந்துவிட்டு
ஞ்ண்ம் என்று எழுதினேன்.

கண்ணாடிக்குப் பின்னால் இருந்தவர்
தாளை நேராகப் பார்த்தார், தலைகீழாகப் பார்த்தார்.
அவர் தலைக்கு மேல் ஒரு ஃபேன்
மூன்று இறக்கையோடும் ஓடிக்கொண்டிருந்தது.
“இது ஒப்பா, பேரா?”

“ம்” என்றேன்.

சீல் வைத்தார்.